திருக்கதவம் திறந்த வழக்கறிஞர்: மதுரை வைத்தியநாத ஐயர்

காவிரியும் கொள்ளிடமும் இருபாலும் சூழ அரங்கமும் ஆனைக்காவும் விளங்க, தென்கரைக்கண் தாயுமானப் பெருமான் மலைமீது எழுந்தருளியிருக்கும் இச்சிராப்பள்ளித் திருநகரில் திருக்குடமுழுக்கு நன்னீராட்டு விழா நிகழும் இந்நாளில், விழா மலருக்கு ஒரு கட்டுரை வரைந்து தருமாறு குழுவினர் அடியேனைப் பணித்தனர். அடியார் ஒருவர் வரலாறாக அமைதல் நலம் என்பதும் அவர்தம் விருப்பம். அறுபத்துமூவருள் ஒருவரை எழுதுவேன் என்று அவர்கள் எண்ணியிருத்தல் கூடும். யான் எடுத்துக்கொண்டதோ ஒரு வழக்கறிஞர் வரலாறு. நீதிமன்றத்தில் வழக்காடிப் பின்னர்ச் சட்டமன்றத்தில் அமர்ந்த ஒருவர்க்குக் குடமுழுக்கு மலரில் இடம் என்னை என்று வினவுவார் சிலர் இருப்பர். திருக்கோயில்களுக்குக் கல் தந்தாரும் பொன் தந்தாரும் நிலம் தந்தாரும் பலர். அவர்தம் பெயர்களைக் கல்வெட்டுகளில் காண்கின்றோம். இப்பெருமகனார் தந்தது அவற்றுள் ஒன்றும் அன்று. மதிற்புறத்தே தலைமுறை தலைமுறையாக நின்ற மக்களைத் திருமுன்பு கொண்டுவந்து சேர்த்தார். அவர் பெயர் மதுரை வைத்தியநாத ஐயர்.

இவ்வூரார்க்கு இச்செய்தி புதிதன்று. நம் உறையூரிலே தோன்றிய திருப்பாணாழ்வார், அரங்கத்துள் அடிவைக்க ஒருப்படாது காவிரிக்கரையில் நின்று பாடினார் என்பதும், பெருமானது ஆணையால் உலோகசாரங்க முனிவர் அவரைத் தம் தோள்மேல் சுமந்து உள்ளே கொண்டு சென்றார் என்பதும் வைணவ அன்பர் நாளும் போற்றும் வரலாறு. சைவத்திலே திருநாளைப்போவார் திருப்புன்கூரில் புறத்தே நின்றார். அவர் காண நந்தி விலகியது. விலகியது நந்தியே, அடியார் நின்ற இடம் மாறவில்லை. இதனை மடத்துப் பாடசாலையில் முதன்முறை கேட்ட சிறுவயதில் எனக்கு எழுந்த ஐயம் பல்லாண்டு தீரவில்லை. திருநாளைப்போவாரின் திருவுருவம் சிவாலயந்தோறும் திருச்சுற்றில் அறுபத்துமூவர் வரிசையில் எழுந்தருளியிருக்கிறது. அதற்கு அபிடேகமும் அமுதும் உண்டு. அவர் பிறந்த குலத்தார் மட்டும் கோபுர வாயிலுக்கு அப்பால் நின்றனர். கல்லாய் நிற்பவர் உள்ளே, உயிரோடு நிற்பவர் வெளியே என்னும் இந்நிலை 1939ஆம் ஆண்டுவரை தமிழ்நாட்டின் பெருங்கோயில்களில் மாறவில்லை.

வைத்தியநாத ஐயர் காவிரிக்கரையைச் சேர்ந்தவர். இங்கிருந்து கிழக்கே திருக்காட்டுப்பள்ளிப் பக்கத்துள்ள விஷ்ணம்பேட்டை என்னும் சிற்றூரில், 1890ஆம் ஆண்டு மே மாதம் 16ஆம் நாள், அருணாசலம் ஐயருக்கும் லட்சுமி அம்மாளுக்கும் மகனாகத் தோன்றினார். தந்தையார் ஆசிரியத் தொழிலினர். குடும்பம் மதுரைக்குக் குடிபெயர்ந்தமையின் இளமைக் கல்வி மதுரைச் சேதுபதி உயர்நிலைப் பள்ளியிலும், பின்னர் மதுரைக் கல்லூரியிலும், சென்னை மாநிலக் கல்லூரியிலும் நிகழ்ந்தது. சட்டம் பயின்று மதுரையிலே வழக்கறிஞரானார். அவர் மணந்த அம்மையாரின் பெயர் அகிலாண்டம்மாள். ஆனைக்காவில் கோயில்கொண்ட அன்னையின் பெயரைத் தாங்கிய அவ்வம்மையார் கணவர் சென்ற வழியெல்லாம் உடன் சென்றவர். விடுதலைப் போராட்டத்தில் தாமும் ஈடுபட்டவர். வைதிக அந்தணர் இல்லத்தில் எல்லாக் குலத்து மாணவரும் வந்து உண்டனர் என்றால், அதற்கு இசைந்து அடுப்பேற்றியவர் அவ்வம்மையார் அல்லரோ? வரலாறு எழுதுவோர் இதனை ஒரு வரியில் கடந்துவிடுகின்றனர். உற்றார் உறவினர் என்ன சொல்லியிருப்பர், அண்டை வீட்டார் எவ்வாறு முகம் திருப்பியிருப்பர் என்பதை அக்காலத்து அக்கிரகாரங்களை அறிந்தாரே உணர்வர்.

1920ஆம் ஆண்டையொட்டிய காந்தியடிகள் இயக்கத்தில் பலர் வழக்கறிஞர் தொழிலைத் துறந்தும் குறைத்தும் நாட்டுப்பணி புகுந்தனர். ஐயரும் அக்காலத்தே காங்கிரசில் சேர்ந்து மதுரையில் முன்னணியில் நின்றார். தொழிலில் அவர் ஈட்டியதன் அளவு இக்கட்டுரைக்கு வேண்டுவதன்று. அவர் எத்தகைய சட்டச் சூழலில் வழக்கறிஞராக இருந்தார் என்பதைத்தான் அன்பர்கள் அறிதல் வேண்டும். அதனை அறியாவிடின் அவர் பின்னாளில் செய்த செயலின் அருமை விளங்காது.

கமுதி என்பது இராமநாதபுரச் சீமையிலுள்ள ஊர். அங்குள்ள மீனாட்சி சுந்தரேசுவரர் திருக்கோயிலில் 1897ஆம் ஆண்டு நாடார் குலத்து அன்பர் சிலர் உட்புகுந்து வழிபட்டனர். கோயிலின் பரம்பரை அறங்காவலராகிய சேதுபதி மன்னர் பெயரில் வழக்குத் தொடுக்கப்பட்டது. மதுரைச் சார்பு நீதிமன்றம் 1899இல் நாடார்களுக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. உயர்நீதிமன்றமும் அதனை ஏற்றது. கடல்கடந்து இலண்டனில் இருந்த பிரிவி கவுன்சில் 1908இல் அதனை உறுதி செய்தது. வழக்கத்தால் உரிமையில்லாதார் புகுந்தமையின் கோயில் தூய்மை கெட்டது என்றும், அதனைத் தூய்மை செய்தற்குரிய செலவையும் புகுந்தவரே தருதல் வேண்டும் என்றும் அவ்வழக்கில் முடிவாயிற்று. சிவபெருமானையும் ஆகமத்தையும் அறியாத வெள்ளையர், நெடுந்தொலைவில் இருந்துகொண்டு, தமிழ்நாட்டில் ஓர் அடியார் சிவாலயத்துள் செல்லலாமா கூடாதா என்று எழுதி முடித்தனர். ஆயினும் நீதிபதிகளையே குறை கூறிப் பயனில்லை. அவர்கள் கேட்டது வழக்கம் யாது என்பதை. சான்று கூறியவர் நம்மவரே.

அதுமுதல் அத்தீர்ப்பு நூல்களில் ஏறியது. வழக்கத்திற்கு மாறாக ஒருவரை உள்ளே விடும் அறங்காவலர்மீதும் அதிகாரிமீதும் வழக்கிட எவர்க்கும் இயலும் என்னும் அச்சம் கோயில்தோறும் நிலவியது. மதுரையிலே தொழில் செய்த வழக்கறிஞர், தம் மதுரை நீதிமன்றத்திலே பிறந்து பிரிவி கவுன்சில்வரை சென்ற இவ்வழக்கை அறியாதிருத்தல் இயலுமோ? பிறர் அறியாமையால் துணிந்தனர் எனலாம். ஐயர் அறிந்தே துணிந்தார்.

அதற்குமுன் அவருக்கு வாய்த்த ஒரு சோதனையையும் கூறுதல் வேண்டும். 1930ஆம் ஆண்டு ஏப்ரல் 13ஆம் நாள் இந்நகரிலிருந்துதான், திருவரங்கத்துப் பெருமகனார் டாக்டர் தி. சே. சௌ. ராஜன் அவர்கள் இல்லத்திலிருந்து, இராஜாஜி தலைமையில் தொண்டர் ஏறத்தாழ நூற்றுவர் வேதாரணியத்திற்கு நடந்தனர். ஏப்ரல் 28ஆம் நாள் அவ்வூர் சேர்ந்து, 30ஆம் நாள் உப்பெடுத்தனர். தாயுமான அடிகளின் மரபில் வந்தவராகப் போற்றப்படும் வேதரத்தினம் பிள்ளை அவர்கள் அங்கே அவர்களை ஏற்றுப் புரந்தார். தலைவர்கள் சிறைப்பட்ட பின்னும் போராட்டம் ஓயவில்லை. அங்குச் சென்று தடையை மீறிப் பேசிய வைத்தியநாத ஐயரைக் காவலர் புளிய மிளாறுகளால் அடித்துத் தரையில் இழுத்துச் சென்றனர். நாற்பது வயது நிரம்பும் பருவத்தினர். மதுரையில் மதிப்போடு வாழ்ந்த வழக்கறிஞர். அவ்வடியைத் தாங்கி அவர் சிறை புகுந்தார்.

வேதாரணியம் என்பது நம் திருமுறையில் திருமறைக்காடு. வேதங்கள் பூசித்துத் திருக்காப்பிட்டு அகன்றமையால் அத்தலத்தின் திருக்கதவம் நெடுங்காலம் மூடியே இருந்தது. ஊரார் வேறொரு வாயில் அமைத்து அதன்வழிச் சென்று வழிபட்டு வந்தனர். அப்பரடிகளும் ஆளுடைய பிள்ளையாரும் அங்கு எழுந்தருளியபோது, நேர்வாயில் வழியே செல்லுதலே முறை எனக்கொண்டு, அப்பர் பதிகம் பாடக் கதவம் திறந்தது. எளிதில் திறக்கவில்லை, பதிகம் முற்றும் பாட வேண்டியதாயிற்று. வேதமே இட்ட காப்பாயினும் அடியார் வேண்டினால் திறக்கும் என்பதும், மக்கள் பக்கவாயிலே போதும் என்று பழகிவிட்டனர் என்பதும் அவ்வரலாற்றில் யான் எப்போதும் நினைந்து பார்ப்பவை. அத்தலத்திலே அடிபட்ட இவ்வழக்கறிஞர் ஒன்பது ஆண்டுகள் கழித்துத் தம் ஊரில் மற்றொரு கதவத்தின்முன் நின்றார்.

1932இல் காந்தியடிகள் எரவாடாச் சிறையில் உண்ணாநோன்பு இருந்தபின், தாழ்த்தப்பட்ட மக்களுக்கான தொண்டு நாடெங்கும் பரவியது. அரிசன சேவா சங்கம் என்று அக்காலத்தில் வழங்கிய அமைப்பின் பணியை மதுரைப் பக்கத்தில் ஐயர் மேற்கொண்டார். அச்சொல்லை அம்மக்கள் இப்போது விரும்புவதில்லையாதலின் அமைப்பின் பெயராக மட்டுமே ஈண்டுக் கூறினேன். சேரிகளுக்குச் செல்லுதல், மாணவர் விடுதிகளைப் பேணுதல், பள்ளிக்கு வரும் பிள்ளைகளுக்கு உணவும் உடையும் தேடித் தருதல் ஆகியவையே அப்பணி. மேலூரை அடுத்த தும்பைப்பட்டியைச் சேர்ந்த கக்கன் என்னும் இளைஞர் இத்தொண்டின் வழியேதான் ஐயர்க்கு அணுக்கமானார். நாளடைவில் மகன்போலவே ஆனார்.

திருவிதாங்கூர் மன்னர் 1936ஆம் ஆண்டு நவம்பர் 12ஆம் நாள் தம் நாட்டுக் கோயில்களை எல்லார்க்கும் திறந்துவிட்டார். சென்னை மாகாணத்திலோ அவ்வாறு ஓர் ஆணையால் முடிக்கத்தக்க மன்னர் இலர். 1937இல் இராஜாஜி முதன்மை அமைச்சரானார். அவ்வமைச்சரவையில் மக்கள் நல்வாழ்வும் அறநிலையமும் ஏற்றவர் நம் திருவரங்கத்து டாக்டர் ராஜன். 1938இல் எம். சி. ராஜா அவர்கள் சட்டமன்றத்தில் ஆலயப் பிரவேச மசோதா ஒன்றைக் கொணர்ந்தார். அரசினர் அதனை ஆதரிக்கவில்லை, மசோதா வீழ்ந்தது. மலையாள மாவட்டத்திற்கு மட்டும் அவ்வாண்டில் ஒரு சட்டம் இயற்றினர். மக்கள் மனம் கனியாமல் சட்டம் மட்டும் முந்தினால் கலகம் விளையும் என்பது இராஜாஜியின் கருத்து. அவர் கணக்குப் பிழையா சரியா என்று இன்றும் அறிஞர் வாதிடுவர். எம். சி. ராஜா அவர்களுக்கு நேர்ந்த மனவருத்தம் நியாயமானது என்றே யான் கொள்கின்றேன். அம்மக்கள் காத்திருந்த காலம் போதாதா?

சட்டம் முந்தாது, மக்களும் தாமாக முந்தமாட்டார் என்னும் இவ்விடுக்கில்தான் ஐயர் புகுந்தார். 1939ஆம் ஆண்டு மதுரையில் அவரும் அன்பரும் பல கூட்டங்கள் கூட்டினர், தெருத்தெருவாகப் பேசினர். வாதிட வந்த சாத்திரிகளோடு வாதிட்டனர். மீனாட்சியம்மன் திருக்கோயிலின் நிருவாக அதிகாரியாக அப்போது இருந்தவர் ஆர். எஸ். நாயுடு. அவரது இசைவு இன்றி எதுவும் நிகழ்ந்திராது. முக்குலத்து மக்களிடையே பெருஞ்செல்வாக்குடைய முத்துராமலிங்கத் தேவர் அவர்களும் ஆதரவாக நின்றார். எதிர்ப்பாளர் ஆட்களைத் திரட்டித் தடுக்கக்கூடும் என்ற அச்சம் அதனால் பெரிதும் நீங்கியது.

ஜூலை மாதம் 8ஆம் நாள் காலை. முன்னறிவிப்போ முழக்கமோ இல்லை. தாழ்த்தப்பட்ட குலத்து அன்பர் ஐவர். அவருள் ஒருவர் கக்கன். நாடார் குலத்தவர் ஒருவர். விருதுநகரைச் சேர்ந்த சண்முக நாடார். இவர்களை அழைத்துக்கொண்டு வைத்தியநாத ஐயர் திருக்கோயில் வாயிலுக்குச் சென்றார். நிருவாக அதிகாரி அவர்களை வரவேற்று உள்ளே விட்டார். அவர்கள் அம்மையின் திருமுன்பு சென்று வழிபட்டனர், திருநீறு பெற்றனர், வெளியே வந்தனர். இவ்வளவே நிகழ்ந்தது. கல்லெறி இல்லை, கைகலப்பு இல்லை. கமுதித் தீர்ப்பைப் பிரிவி கவுன்சில் உறுதி செய்து முப்பத்தோராண்டே ஆகியிருந்தது. அத்தீர்ப்பால் புறத்தே நிறுத்தப்பட்ட குலத்தவர் ஒருவரும், தீர்ப்புக்கூட வேண்டாமலே புறத்தே நிறுத்தப்பட்டிருந்த ஐவரும், அத்தீர்ப்பை ஓதியுணர்ந்த வழக்கறிஞரோடு அதே மீனாட்சி சொக்கர் பெயரால் விளங்கும் தலைமைக் கோயிலுள் நின்றனர்.

இடர்ப்பாடு அதன்பின் தொடங்கியது. குடமுழுக்கு நடத்தும் நாம் சிறிது நின்று எண்ண வேண்டிய இடம் இது. பட்டர்களுள் ஒரு சாரார், கோயில் தூய்மை கெட்டது, முறைப்படி சுத்தி செய்தாலன்றிப் பூசை இயலாது என்றனர். திருக்காப்பிட்டுப் பணிக்கு வர மறுத்தாரும் உளர். நிருவாக அதிகாரி சுத்தி செய்ய இசையவில்லை. மறுத்தவரை விலக்கிப் பூசையை நிகழச் செய்தார். சனாதனக் கட்சியினர் அம்மை கோயிலை விட்டு நீங்கினாள் என்று கருதி, வேறோரிடத்தில் மீனாட்சி சந்நிதி ஒன்றை அமைத்துச் சில ஆண்டு அங்கு வழிபட்டனர்.

ஆகமங்களில் பிராயச்சித்தம் கூறும் பகுதிகள் உள்ளன என்பதை யான் மறுக்கவில்லை. மடத்தில் ஆசிரியர்பால் அவற்றைப் பாடங்கேட்டவன் யான். பூசை முட்டினாலும், திருமேனி பின்னமுற்றாலும், தகாதன உட்புகுந்தாலும் இன்னின்ன செய்க என்று அவை விதிக்கும். ஆதலின் மறுத்த பட்டர்களைத் தீயவர் என்று எளிதில் ஏசிவிட என் மனம் ஒருப்படாது. அவர்கள் கற்றபடி அஞ்சினர். ஆயின் ஐயரும் நாயுடுவும் சுத்தி செய்ய ஒருப்படாமையின் நுட்பத்தையும் அறிதல் வேண்டும். ஒரு கலசநீர் தெளித்துப் பூசலைத் தணித்துவிடுதல் அன்று மிக எளிது. அமைதி விரும்பிய பலர் அதனையே அறிவுறுத்தியிருப்பர். அந்நீர் தெளிக்கப்பட்டிருந்தால், அம்மக்கள் வந்ததனால் அம்மையின் திருக்கோயில் மாசுற்றது என்று கோயிலே எழுதிக் கொடுத்ததாகும். கமுதித் தீர்ப்பு மீண்டும் உயிர்பெற்றிருக்கும். அடுத்த நாள் வருவோர்க்கும் அதற்கடுத்த நாள் வருவோர்க்கும் கலசம் வைத்துக்கொண்டே இருக்க நேரும். வழக்கறிஞர் கண்ணுக்கு இது புலனாயிற்று. திருநாளைப்போவாரை அறுபத்துமூவருள் வைத்து வணங்கும் சைவர் கண்ணுக்கும் புலனாக வேண்டும்.

சட்டத்தின் அச்சம் எஞ்சியிருந்தது. புகுந்தவர்மீதும் விட்டவர்மீதும் வழக்குகள் எழும் நிலை. முந்தமாட்டேன் என்றிருந்த இராஜாஜி அரசு இப்போது பின்வாங்கவில்லை. ஜூலை மாதத்திலேயே அவசரச் சட்டம் பிறந்தது. பின்னர் அது 1939ஆம் ஆண்டின் 22ஆம் எண் சட்டமாக நிறைவேறியது. ஆலயப் பிரவேசத்திற்கு அதிகாரம் தருவதும், ஏற்கெனவே கோயிலைத் திறந்தவர்க்கு வழக்குகளினின்று காப்பளிப்பதும் அதன் பயன். செயல் முன்னும் சட்டம் பின்னுமாக நிகழ்ந்தது இவ்வாறு. இராஜாஜியின் பொறுமையை முன்பு குறை கூறினேன். இவ்விரைவுக்கு அவரைப் போற்றவும் வேண்டும். தஞ்சைப் பெருவுடையார் கோயில் உள்ளிட்ட அரண்மனைத் தேவத்தானக் கோயில்களைத் தஞ்சை அரச மரபினர் அவ்வாண்டிலேயே திறந்துவிட்டனர். அழகர்கோயிலும் பழனியும் திறந்தன. அக்டோபரில், போர் காரணமாக அமைச்சரவை பதவி விலகியது. சில திங்கள் தாழ்ந்திருப்பின் இச்சட்டம் பல ஆண்டு தள்ளிப் போயிருக்கும்.

1942 இயக்கத்தில் ஐயர் மீண்டும் சிறை சென்றார். 1946ஆம் ஆண்டு பிப்ரவரியில் காந்தியடிகள் மதுரைக்கு வந்து மீனாட்சியம்மன் திருக்கோயிலுள் வழிபட்டார். எல்லாரும் செல்ல இயலாத கோயிலுள் தாமும் செல்வதில்லை என்னும் நோன்புடைய அப்பெரியார் அவ்வாயில் கடந்தமை, ஐயர்க்கு எப்பட்டத்தினும் மேலான பரிசாக இருந்திருக்கும்.

அவ்வாண்டிலேயே மேலூர்த் தொகுதியிலிருந்து சென்னைச் சட்டமன்றத்திற்கு உறுப்பினராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அமைச்சராகவில்லை, அதற்கு முயன்றதாகவும் தெரியவில்லை. அவர் உறுப்பினராக இருந்த காலத்தில், 1947இல், ஆலயப் பிரவேச அதிகாரச் சட்டம் நிறைவேறியது. 1939ஆம் ஆண்டுச் சட்டம் அறங்காவலர் விரும்பினால் திறக்கலாம் என்றது. 1947ஆம் ஆண்டுச் சட்டமோ, இந்துக்கள் எக்குலத்தவராயினும் மாகாணத்துக் கோயில் எதிலும் புகுந்து வழிபடும் உரிமையுடையர் என்றது. அறங்காவலரின் அருள் அடியாரின் உரிமையாக மாறியது இவ்விடத்தேதான். நம் அரங்கமும் ஆனைக்காவும் மலைக்கோட்டையும் இச்சட்டத்தின் வரம்பினுள் வந்தன. 1950இல் நடைமுறைக்கு வந்த அரசியலமைப்பு, தீண்டாமையை 17ஆம் பிரிவால் ஒழித்து, கோயில்களை எல்லா வகுப்பினர்க்கும் திறந்துவிடும் சட்டங்களுக்கு 25ஆம் பிரிவில் இடம் தந்தது. கக்கன் அவர்கள் அவ்வரசியலமைப்பை வகுத்த அவையில் உறுப்பினர். மீனாட்சியம்மன் வாயிலில் ஐயர் பின்னே நின்ற இளைஞர், பதினொராண்டுக்குள் நாட்டின் அடிப்படைச் சட்டத்தில் கையொப்பமிட்டோர் வரிசையில் இருந்தார்.

வைத்தியநாத ஐயர் 1955ஆம் ஆண்டு பிப்ரவரி 23ஆம் நாள் இறைவன் திருவடி சேர்ந்தார். அவர்க்குப் புதல்வர் உண்டு. ஆயினும் கக்கன் அவர்களும் தலை மழித்து, பெற்ற மகன்போலவே இறுதிக் கடனில் நின்றார் என்பது மதுரையில் அனைவரும் அறிந்த செய்தி. வைதிக நெறியில் ஓர் அந்தணர்க்கு இது நிகழ்ந்தது என்பதையும், அதனை அக்குடும்பத்தார் ஏற்றனர் என்பதையும் எண்ணும்போது, கோயிற் கதவைக் காட்டிலும் இல்லத்துக் கதவே அவர் முன்னர்த் திறந்தது என்பது தெளிவாகின்றது. பின்னர்க் கக்கன் 1957 முதல் பத்தாண்டு தமிழக அமைச்சராக விளங்கினார். 1963இல் மீனாட்சியம்மன் திருக்கோயிலுக்குப் பெருந்திருப்பணி முடிந்து குடமுழுக்கு நிகழ்ந்தபோதும் அவர் அமைச்சரே. இந்திய அஞ்சல் துறை 1999இல் ஐயரின் உருவம் பொறித்த அஞ்சல் தலையை வெளியிட்டது.

ஒன்று கூறி அமைவேன். எனக்குத் திருமுறையும் சித்தாந்தமும் பாடஞ் சொன்ன ஆசிரியருள் ஒருவர், 1939இல் இளைஞராக இருந்தவர். ஆசாரத்தில் மிகவும் இறுகியவர். ஆலயப் பிரவேசத்தை அவர் மனம் ஏற்கவில்லை. ஆண்டுதோறும் மதுரை செல்வார். கோபுரத்தை வெளியே நின்று வணங்கித் திரும்பிவிடுவார். உள்ளே செல்வதில்லை. யாரைப் புறத்தே நிறுத்த விரும்பினாரோ அவர் நின்ற இடத்திலே தாம் நிற்கின்றோம் என்பதை உணர்ந்தாரோ உணரவில்லையோ, யாம் கேட்கத் துணியவில்லை. யான் மாணவனாக அவருடன் சென்ற ஓர் ஆண்டில் கோபுர வாயிலில் வழக்கம்போல் நின்றார். கூலி வேலைக்குச் செல்லும் தோற்றத்தில் ஒரு தாய், இடுப்பிலே குழந்தையோடு, தேங்காய் பழத்தட்டு ஏந்தி எங்களைக் கடந்து உள்ளே சென்றாள். அக்குழந்தை திரும்பி ஆசிரியரைப் பார்த்தபடியே சென்றது. அவர் சற்று நேரம் நின்றார். பின்பு மேலாடையை இடுப்பில் கட்டிக்கொண்டு வாயிற்படியைத் தொட்டுக் கண்ணில் ஒற்றினார். யானும் பின்சென்றேன். அம்மை திருமுன்பு அவர் நெடுநேரம் நின்றார். ஊர் திரும்பும்வரை அதுபற்றி ஒரு சொல்லும் சொல்லவில்லை. மறு ஆண்டும் உள்ளே சென்றார்.

திருச்சிற்றம்பலம்.